நாலாவது டேக்கில் ஒரு சிரிப்பு

அவரோடு ஒரே வீட்டில் மூன்று வருடம் இருந்தேன். அந்த மூன்று வருடத்தில் எதையும் ஒரே தடவையில் செய்து முடிக்க அவர் என்னை விட்டதாக நினைவில்லை. கதவைத் திறந்து உள்ளே வந்தால், "நில்லு, நில்லு. இப்ப தொறந்தியே, அத்த இன்னொரு தபா தொற" என்பார். பத்து மணி நேரம் அலுவலகத்தில் மல்லுக்கட்டிவிட்டு வந்திருப்பேன். எரிச்சல் பொத்துக்கொண்டு வரும். ஆனாலும் வெளியே போய், கதவைச் சாத்தி, மறுபடி திறந்துகொண்டு வருவேன். தலையைச் சாய்த்துப் பார்ப்பார். "மொதல்ல தொறந்ததுதான் ஒயுங்கா இருந்துச்சி" என்று சொல்லிவிட்டுத் தன் வேலையைப் பார்க்கப் போய்விடுவார்.

பெயரை எழுதப் போவதில்லை. இப்போது அவர் பெயரை இணையத்தில் தட்டினால் நாலு நாட்டுப் பத்திரிகைகளில் அவர் படம் வருகிறது. எனக்கு அவர் அக்கா. அப்படியே இருக்கட்டும்.

வீடு திருவொற்றியூரில், எண்ணூர் சாலையிலிருந்து கடல் பக்கம் இறங்கும் ஒரு சந்தின் முனையில் இருந்தது. முன்னறை எனக்கு வாடகைக்கு, பின்பக்கக் கூடம் அவருக்கு, நடுவில் சமையலறை இரண்டு பேருக்கும் பொது. வாசலைத் தாண்டினால் துறைமுகத்துக்குப் போகக் காத்து நிற்கும் கன்டெய்னர் லாரிகள். காலையில் நான் கிளம்பும்போது வாசலில் நின்ற லாரி சாயங்காலம் திரும்பும்போதும் அங்கேயே நிற்கும். அதற்கான காகிதங்களில் என் கையெழுத்தே இருந்தாலும் ஆச்சரியமில்லை, ஏனென்றால் எனக்கு வேலை சரக்கு ஏஜென்ட் ஆபீசில். சாத்தான்குளத்திலிருந்து அண்ணனின் மளிகை மொத்தக் கடைக்கு ஒத்தாசையாக வந்தவள் நான். அண்ணியோடு ஒத்துப்போகாமல் வெளியே வந்துவிட்டேன். ஊருக்குத் திரும்பினால் முப்பத்தைந்து வயதாகியும் ஏன் கல்யாணம் ஆகவில்லை என்று தெரு முழுக்கப் பதில் சொல்ல வேண்டும். போக இடமில்லாமல்தான் அந்த வீட்டில் இருந்தேன். அதை மறைத்து என்ன ஆகப் போகிறது.

அக்கா இருந்த கூடத்தின் ஜன்னல்களில் கறுப்புக் காகிதம் ஒட்டியிருக்கும். மின்விசிறி போடக் கூடாது. தூசி கிளம்பிப் பிலிமில் ஒட்டுமாம். கோடையில் அந்தக் கூடத்துக்குள் பத்து நிமிடம் உட்கார்ந்தால் எனக்கு மூச்சு முட்டும். கூடவே ஒரு புளித்த காடி வாடை. பழைய பிலிம் கெட்டுப்போகும்போது அப்படித்தான் நாறும். அக்காவுக்கு அது நாற்றமே இல்லை. "செத்துகினு கீதுடி. அதுக்குள்ள ஒயுங்கா பாத்துடணும்" என்பார். கழுத்தில் துண்டைப் போட்டுக்கொண்டு, வியர்வை சொட்டுவதற்கு முன் துடைத்துக்கொண்டு, நாளெல்லாம் அதற்குள் இருப்பார்.

சோறு போட்டது கல்யாண வீடியோ எடிட்டிங். ராயபுரத்திலிருந்து மணலி வரை இருந்த ஸ்டூடியோக்காரர்கள் அவரிடம் கொடுத்துவிட்டுப் போவார்கள். வேலையில் கெட்டி, ஆனால் வம்பு பிடித்தவர் என்று பெயர். ஒரு கல்யாண வீடியோவில் தாலி கட்டும் இடத்தைச் சட்டென்று முடித்துவிட்டு, மேடைக்குப் பின்னால் பெண்ணின் அம்மா மூக்குக்கண்ணாடியைக் கழற்றிப் புடவையில் துடைத்து மறுபடி மாட்டிக்கொள்வதை மெதுவாக்கி, முக்கால் நிமிடத்துக்கு வைத்துவிட்டார். மாப்பிள்ளை வீட்டார் வாசலில் வந்து நின்று கத்தினார்கள். "கலீஜ் பண்ணி வெச்சிகீறியே, இதுக்கா துட்டு?" என்று ஒருவர் பென்டிரைவை எறிந்தார். அக்கா பேசாமல் சரிசெய்து கொடுத்தார். ஒரு மாதம் கழித்து அந்த அம்மா தனியாக வந்தார். "அந்தப் பழசு இருக்காம்மா?" என்று கேட்டு வாங்கிக்கொண்டு போனார். அக்கா என்னைப் பார்த்த பார்வையில் இருந்த கர்வம் கொஞ்சநஞ்சமல்ல.

பழைய ரீல்கள் அவர் கைக்கு வந்தது சடையங்குப்பத்துக் காயலாங்கடை ஒன்றிலிருந்து. எப்போதோ மூடிய ஒரு தொழிற்சாலையின் ஸ்டோர் ரூமைக் காலி செய்தபோது தகரப் பெட்டிகளில் முப்பது நாற்பது ரீல்கள் எடைக்கு வந்திருக்கின்றன. மழை வெள்ளத்தில் கடை மூழ்கி, ரீல்களும் ஊறிப்போயின. அக்கா அவற்றை மீன்பாடி வண்டியில் ஏற்றிக்கொண்டு வந்து, பிரித்து, கழுவி, சந்தில் கொடி கட்டித் துணிக் கிளிப் போட்டு நிழலில் உலர்த்தினார். பக்கத்து வீட்டுப் பெண்கள் தங்கள் துணி காயப்போட இடமில்லாமல் திட்டித் தீர்த்தார்கள்.

உலர்ந்த பிலிமை ஒரு வெள்ளை விளக்குப் பலகையின் மேல் வைத்து, மேலே கேமராவைப் பொருத்தி, ஒவ்வொரு பிரேமாகப் படம் எடுக்க வேண்டும். ஒரு வினாடிக்கு இருபத்துநான்கு பிரேம். ஞாயிற்றுக்கிழமைகளில் அக்கா பிலிமை நகர்த்த, நான் பொத்தானை அழுத்துவேன். ஒரு நாள் முழுக்க உட்கார்ந்தால் இரண்டு நிமிடப் படம் தேறும். அப்படி எடுத்ததைக் கணினியில் ஏற்றி, ஒரு சின்னத் துண்டை வெட்டி, அதன் வாலை அதன் தலையோடு சேர்த்துவிடுவார். அது முடியாமல் சுற்றிக்கொண்டே இருக்கும். அதுதான் அவருடைய வேலை. ஒரு தடவை இருட்டத் தொடங்கிய நேரத்தில் வாசலில் நின்ற கன்டெய்னரின் பக்கவாட்டில் புரொஜெக்டரைக் காட்டினார். கிரேன் ஒரு மூட்டையைத் தூக்கும், தூக்கும், தூக்கிக்கொண்டே இருக்கும். டிரைவர்கள் பீடியோடு வந்து நின்று பார்த்தார்கள். "எறக்கவே மாட்டியா யக்கா?" என்றார் ஒருவர். "நீ மூணு நாளா நிக்கிற, உன்ன எறக்கிட்டாங்களா?" என்றார் அக்கா. அந்த நேரம் பார்த்து வரிசை நகர்ந்து, லாரி பத்தடி முன்னால் போக, படம் எதிர்ச் சுவரில் போய் விழுந்தது. எல்லோரும் சிரித்தார்கள். நானும் வெகுநாள் கழித்து அன்றுதான் வாய்விட்டுச் சிரித்தேன்.

அவரைப் பிடிக்கும். அதைச் சொல்லிவிட வேண்டும், ஏனென்றால் இனிமேல் சொல்லப் போவது அப்படிக் கேட்காது. அண்ணன் ஒருநாள் போனில் கண்டபடி பேசிவிட்டான். சமையலறையில் நின்று அழுதுகொண்டிருந்தேன். அக்கா வந்து என்னைத் தோளோடு அணைத்துக்கொண்டார். "வுடு, அவன் கெடக்கிறான்" என்று முதுகைத் தடவிக்கொடுத்தார். அந்தக் கையில் பொய் இல்லை. நான் தேறி, புறங்கையால் முகத்தைத் துடைத்தேன். அவர் ஓரடி பின்னால் போனார். "அந்தக் கைய எப்டி வெச்ச? இன்னொரு தபா தொட" என்றார். நான் துடைத்துக் காட்டினேன். ஏன் செய்தேன் என்று இன்றுவரை எனக்குத் தெரியவில்லை.

அந்த ரீல்களில் ஒன்று பாதுகாப்பு வாரத்துக்காகத் தொழிற்சாலையே எடுத்த படம். விபத்து எப்படி நடக்கிறது என்று தொழிலாளிகளுக்குக் காட்டுவதற்கு. மெலிந்த ஒரு இளைஞர் கையில் கிளவுஸோடு பிரஸ் மிஷினில் தகடு வைக்கிறார். கவனம் சிதறி வேறு பக்கம் பார்க்கிறார். மிஷின் கீழே இறங்கிக் கிளவுஸின் விரல்களை நசுக்குகிறது. கையைப் பிடித்துக்கொண்டு குனிகிறார். இதையே ஐந்து தடவை எடுத்திருந்தார்கள். ஒவ்வொன்றின் முன்னாலும் ஒரு ஆள் கிளாப் பலகையைக் காட்டுகிறார். நாலாவது டேக்கில் மட்டும், குனிந்தவர் நிமிர்ந்து, கேமராவைப் பார்த்துப் பளிச்சென்று சிரிக்கிறார்.

அக்கா அந்தச் சிரிப்பில் விழுந்துவிட்டார். "பாத்தியா? கிளவுஸ் வெரலுக்குள்ள வேஸ்ட் துணி அடைச்சிக்கிறாங்கோ. இவுரு கை பத்திரமா பின்னால கீது. அத்தினி பெரிய மிஷின ஏமாத்திட்டு சிரிக்கிறாரு பாரு" என்றார். நிஜமாகவே அடிபட்டிருந்தால் என்று நான் இழுத்தேன். "கிளாப் அடிக்கிறாங்கல்ல? கிளாப் அடிச்சா நடிப்புடி. இது கூடவா தெரியாது?" என்று என் வாயை அடைத்தார். இருபத்தைந்து வருடம் படம் வெட்டிய கை. நான் என்ன சொல்ல முடியும்? அந்த எட்டு வினாடியை வைத்து ஒரு வருடம் வேலை செய்தார். நசுங்குகிறார், சிரிக்கிறார், நசுங்குகிறார், சிரிக்கிறார். பார்க்கக் கஷ்டமாக இருக்கும், ஆனாலும் கண்ணை எடுக்க முடியாது. அது நல்ல வேலை என்று எனக்கே தெரிந்தது.

ராயபுரம் ஸ்டேஷனுக்குப் பக்கத்தில் ஒரு பழைய குடோனை எடுத்துக் கண்காட்சி நடத்துகிறவர்கள் வந்து பார்த்தார்கள். அவர்களுக்கும் பிடித்துவிட்டது. கண்காட்சிக்கு வெளிநாட்டிலிருந்து இரண்டு பேர் வரப்போவதாகவும், அவர்களுக்குப் பிடித்தால் அங்கே ஒரு வருடம் தங்கி வேலை செய்ய அழைப்பு உறுதி என்றும் சொன்னார்கள். அக்காவுக்கு அப்போது நாற்பத்தொன்பது வயது. வேளாங்கண்ணிக்கு அந்தப் பக்கம் போனதில்லை. அன்று ராத்திரி சாப்பாட்டுத் தட்டை வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தவர், "இந்தச் சந்துலயே பொறந்தேன். ஊரான் கல்யாணத்த வெட்டிகினே இங்கியே செத்துடுவேன்னு நெனச்சிகினு இருந்தேன்டி" என்றார். அவருடைய குரல் உடைந்ததை அன்றுதான் முதன்முதலாகக் கேட்டேன். அவர் எப்படியாவது போக வேண்டும் என்று நான் மனதார வேண்டிக்கொண்டேன்.

கண்காட்சிக்காரர்களுக்கு ஒரே ஒரு நிபந்தனை. முகம் இவ்வளவு தெளிவாகத் தெரிகிற அந்த மனிதர் உயிரோடு இருந்தால் அவரிடம் சம்மதம் எழுதி வாங்க வேண்டும். தேடிப் பிடித்தது நான்தான். அந்தத் தொழிற்சாலையின் பழைய ஆட்கள் சாயங்காலம் கூடும் டீக்கடையில் போய் என் போனில் இருந்த படத்தைக் காட்டினேன். ஒரு பெரியவர் கண்ணைச் சுருக்கிப் பார்த்துவிட்டு, "அட, சிரிச்சவன். எர்ணாவூர் குடியிருப்புல கீறான். போயி சிரிச்சவன் வூடுன்னு கேளு, காட்டுவாங்கோ" என்றார். இத்தனை வருடம் கழித்தும் அந்தப் பெயர் ஏன் ஒட்டிக்கொண்டிருக்கிறது என்று எனக்கு அப்போதே உறைத்திருக்க வேண்டும்.

நானும் அக்காவும் போனோம். மூன்றாவது மாடி. மகளோடு இருந்தார், மகள் வேலைக்குப் போயிருந்தாள். எழுபது வயதிருக்கும். வலது கையில் ஒரு துண்டைப் போட்டு மூடியிருந்தார். எங்களுக்கு இரண்டு பிளாஸ்டிக் நாற்காலிகளைப் போட்டுவிட்டுக் கட்டிலில் உட்கார்ந்தார். அக்கா மடிக்கணினியைத் திறந்து ஓடவிட்டார். ஒருதடவை பார்த்தார். இரண்டாம் தடவையும் பார்த்தார். மூன்றாம் தடவை முகத்தைச் சுவர்ப்பக்கம் திருப்பிக்கொண்டார்.

"போதும்மா. நிறுத்து."

அக்காவுக்கு ஆர்வம் தாங்கவில்லை. "சூப்பரா நடிச்சிகீற நைனா. கிளவுஸுக்குள்ள வேஸ்ட் துணி அடைச்சாங்கதானே? நான் கண்டுபுடிச்சிட்டேன்" என்றார்.

பெரியவர் துண்டை எடுத்தார். கட்டைவிரலும் சுண்டுவிரலும்தான் இருந்தன.

"அடைச்சாங்கதான். மூணு வெரலுக்கு."

கீழே யாரோ தண்ணீர்க் குடத்தை இழுத்துக்கொண்டு போகும் சத்தம் கேட்டுக்கொண்டிருந்தது. நான்தான் கேட்டேன், எப்போது என்று.

"இந்தப் படம் எடுக்கிறதுக்கு எட்டு மாசம் முன்னாடி. இதே மிஷினுதான். ஆறிப்போயி வேலைக்கு வந்தேன், ஆபீஸ்ல கூப்டாங்கோ. எப்டி ஆச்சின்னு உனக்குத்தான் கரெக்டா தெரியும், நீயே செஞ்சி காட்டிடுன்னாங்கோ. மாட்டேன்னா வேலைய வுட்டுத் தூக்கிடுவாங்களோன்னு பயம். செஞ்சேன்."

"ஏன் நைனா சிரிச்ச?" அக்காவின் குரல் எனக்கே சரியாகக் கேட்கவில்லை.

"ஒவ்வொரு தபாவும் மிஷின் எறங்கசொல்ல ஒடம்பு ஒதறுதும்மா. இல்லாத வெரலு வலிக்கிது. மூணு தபா ஆச்சி. நாலாவது முடிஞ்சதும் கேமராக்காரரு ஓகேன்னாரு. அப்பாடா, முடிஞ்சிச்சின்னு சிரிச்சிட்டேன். அவ்ளோதான். அப்பால இன்னொண்ணு வேணும்னு எடுத்தாங்கோ." துண்டை மறுபடி கைமேல் போட்டுக்கொண்டு சொன்னார். "ஆனா படத்துல போட்டது அந்த நாலாவதுதான். ஆளு நல்லா கீறான்னு குடும்பத்துக்குத் தெரியட்டும்னு ஆபீஸ்ல சொன்னாங்களாம். கம்பெனில பேமிலி டே அன்னிக்கி அத்த போட்டாங்கோ, வூட்டுக்காரிய இட்டுகினு போயிருந்தேன். எட்டு மாசம் எனக்கு சோறு ஊட்டினவ அவ. ராவெல்லாம் நான் கத்தினா முழிச்சிகினு குந்தியிருந்தவ. அவ பக்கத்துல குந்திகினு பாக்கிறா, நான் அங்க சிரிக்கிறேன். எல்லாரும் கை தட்றாங்கோ. வூடு வர்ற வரிக்கும் அவ பேசல. அப்பால சாவுற வரிக்கும் அத்தப் பத்தி ஒரு வார்த்த கேக்கல. கேட்டிருந்தா சொல்லியிருப்பேன்."

"நீங்களாச் சொல்லியிருக்கலாமே அய்யா" என்றேன்.

"கேக்காததுக்கு இன்னான்னு சொல்றது?"

கையெழுத்துப் போட மறுக்கவில்லை. இடது கையால் கோணல்மாணலாகப் போட்டார். போட்டுவிட்டு, "கை போறத எத்தினி வாட்டி வேணா காட்டிக்கோ. அந்தச் சிரிப்ப மட்டும் எடுத்துடும்மா" என்றார். அக்கா அவர் காலைத் தொட்டுக் கும்பிட்டு, "எடுத்துடறேன் நைனா" என்றார். பெரியவர் என்னைப் பார்த்தார். "எடுத்துருவாங்க அய்யா, நான் பொறுப்பு" என்றேன். என்னிடம் யாரும் கேட்கவில்லை, நானாகத்தான் சொன்னேன்.

மூன்று நாள் அக்கா கூடத்தை விட்டு வெளியே வரவில்லை. நான்காம் நாள் காலையில் என்னைக் கூப்பிட்டுச் சிரிப்பை வெட்டி எடுத்த படத்தைக் காட்டினார். நசுங்குகிறார், நசுங்குகிறார், நசுங்குகிறார். பார்க்கவே முடியவில்லை. "பாத்தியா, கசாப்புக் கடை மாதிரி கீது. இதுல அந்த மனுசனே இல்ல, கைதான் கீது" என்றார். அவர் சொன்னது சரிதான். அழைப்பு அந்தச் சிரிப்புக்காகத்தான் வரப்போகிறது. அது இல்லாவிட்டால் அவர் இந்தச் சந்திலேயே கிடக்க வேண்டியதுதான்.

கண்காட்சிக்கு இரண்டு நாள் முன்பு நான் ஆபீசிலிருந்து வந்தபோது, விளக்குப் பலகையின் மேல் குனிந்து ஊசியால் எதையோ சுரண்டிக்கொண்டிருந்தார். சிரிப்பு மொத்தம் முப்பத்தொரு பிரேம். ஒவ்வொன்றிலும் பெரியவருடைய வாயை மட்டும் பிலிமிலேயே சுரண்டி எடுத்துவிட்டார். கடுகு அளவு வாய். முப்பத்தொரு தடவை. கண் சிவந்து, ஊசி பிடித்த விரல் வீங்கியிருந்தது. "எடுத்துட்டேன். பாரு, எங்கியாச்சும் கீதா?" என்றார். பூதக்கண்ணாடி வைத்து ஒவ்வொன்றாகப் பார்த்தேன். எதிலும் இல்லை. கொடுத்த வாக்கைக் காப்பாற்றிவிட்டோம் என்று எனக்கு அவ்வளவு நிம்மதி. நான் தலையாட்டினேன்.

கண்காட்சி ஞாயிறு காலை. பெரியவரை அழைத்துவர நான் எர்ணாவூர் போனேன். வெள்ளைச் சட்டையை இஸ்திரி போட்டு உடுத்தியிருந்தார். குடோனின் ஷட்டர்களை இறக்கி உள்ளே இருட்டாக்கியிருந்தார்கள். ஒரு முழுச் சுவருக்கு அக்காவின் படம். அவ்வளவு பெரிதாக நானும் அன்றுதான் பார்க்கிறேன். அவர் நசுங்கி, குனிந்து, நிமிர்கிறார். வாய் இருந்த இடத்தில் சுரண்டிய கீறல்கள் ஒவ்வொரு பிரேமிலும் ஒவ்வொரு விதமாக விழுந்து, வெல்டிங் பொறி போலத் துடித்தன. அந்த இருட்டில் வேறு எங்கும் பார்க்கவே முடியவில்லை. எல்லோரும் அந்த வாயைத்தான் பார்த்துக்கொண்டிருந்தார்கள்.

பக்கத்தில் ஒரு அட்டையில் ஆங்கிலத்தில் நாலு வரி. இரண்டு தடவை படித்தேன். இந்த இடத்தில் ஒரு சிரிப்பு இருந்தது, இதில் இருப்பவர் தன் விபத்தையே நடித்துக் காட்டியவர், அந்தச் சிரிப்பைத் திரையில் பார்த்த அவர் மனைவி அதன் பிறகு அதைப் பற்றிப் பேசவே இல்லை, அவர் கேட்டுக்கொண்டபடி அது அழிக்கப்பட்டிருக்கிறது என்று எழுதியிருந்தது. ஒரு சொல்லும் பொய் இல்லை. அக்கா யாரையும் ஏமாற்ற நினைக்கவில்லை, நேர்மையாக இருப்பதாக நினைத்துத்தான் எழுதியிருக்கிறார். அது எனக்கு நன்றாகத் தெரியும்.

"இன்னா எழுதிக்கீது?" என்று பெரியவர் கேட்டார்.

"ஒரு தொழிலாளின்னு போட்டிருக்கு அய்யா. உங்க பேரு போடலை."

தலையாட்டினார். கல்லூரிப் பெண்கள் மூன்று பேர் அட்டையைப் படித்துவிட்டுத் திரும்பினார்கள். அவர்கள் பார்வை அவர் முகத்துக்குப் போய், பிறகு கைக்குப் போனது. அவர் கையைப் பைக்குள் விட்டுக்கொண்டார்.

"சார், நீங்களா அது?" என்று ஒருத்தி கேட்டாள். கெட்ட பெண் இல்லை. கண் கலங்கியிருந்தது. "உங்க மனைவி கடைசி வரைக்கும் கேக்கவே இல்லையா சார்?"

பெரியவர் என்னைப் பார்த்தார். நான் தரையைப் பார்த்தேன். அதற்குள் அவள் போனை எடுத்துவிட்டாள். "ஒரே ஒரு போட்டோ சார். இங்க நில்லுங்க. கொஞ்சம் சிரிங்க சார்." அவர் சுவரில் துடித்துக்கொண்டிருந்த தன் வாய்க்குக் கீழே போய் நின்று, சிரித்தார். அவளுக்கு ஒன்று, தோழிகளுக்கு ஒன்று, வரிசையில் வந்தவர்களுக்கு ஒன்று என்று ஐந்தாறு பேருக்குச் சிரித்தார். யாரும் அவரைக் கட்டாயப்படுத்தவில்லை. கூட்டத்தின் மறுகோடியில் வெளிநாட்டுக்காரர்களோடு பேசிக்கொண்டிருந்த அக்கா அதைப் பார்த்து, நெஞ்சில் கை வைத்து, தூரத்திலிருந்தே கும்பிட்டார். பெரியவரும் கும்பிட்டார்.

ஷேர் ஆட்டோவில் திரும்பும்போது கன்டெய்னர் லாரிகளுக்கு நடுவில் மாட்டிக்கொண்டோம். முன்னாலும் போக வழியில்லை, பின்னாலும் போக வழியில்லை. நான் அட்டையில் இருந்ததை முழுக்கச் சொல்லிவிட்டேன். மன்னிப்புக் கேட்டேன். அவர் வெளியே பார்த்துக்கொண்டு வந்தார்.

"அவ இல்ல. அது ஒண்ணு நல்லதா போச்சி" என்றார்.

எர்ணாவூர் வந்தது. இறங்கும்போது, பார்த்துப் போம்மா என்று மட்டும் சொன்னார்.

சாயங்காலம் அக்காவை யாரோ காரில் கொண்டுவந்து விட்டார்கள். அழைப்பு உறுதியாகிவிட்டது. முகமெல்லாம் ஒளியாக வந்தவர் என்னைப் பார்த்ததும் நின்றார். "நைனா இன்னா சொன்னாரு?" என்றார். நல்லா இருந்துச்சுன்னு சொன்னார் என்று சொல்லிவிட்டிருக்கலாம். எனக்கு அக்கா மேல் அப்படி ஒரு கோபம். அட்டையைப் பற்றி, அந்தப் பெண் கேட்டதைப் பற்றி, ஆட்டோவில் பெரியவர் சொன்ன அந்த ஒரு வாக்கியத்தைப் பற்றி, வலிக்கட்டும் என்றே ஒன்று விடாமல் சொன்னேன்.

அக்கா அப்படியே தரையில் உட்கார்ந்து அழுதார். வாயில் முந்தானையை வைத்து அழுத்திக்கொண்டு, வெகு நேரம் அழுதார். அது நடிப்பில்லை, சத்தியமாகச் சொல்கிறேன். நானும் பக்கத்தில் உட்கார்ந்தேன். பிறகு மெல்ல மூக்கைத் துடைத்துக்கொண்டு, கைப்பையைத் துழாவி ஒரு பேனாவை எடுத்தார்.

"நைனா கடைசியா சொன்னாரே, அத்த எழுதிக்கவாடி?"

"வேணாம்க்கா. அதையாவது விட்டுருங்க."

பேனாவை மூடி உள்ளே வைத்துவிட்டார். அடுத்த மாதம் விமானம் ஏறிப் போனார். அதன் பிறகு அவர் செய்த எதைப் பற்றி எங்கே செய்தி வந்தாலும் தேடிப் பிடித்து, கடைசி வரி வரை படித்துவிடுவேன். அந்த வாக்கியத்தை அவர் இதுவரை எங்கேயும் எழுதவில்லை. நான்தான் இப்போது எழுதியிருக்கிறேன். பெரியவரைக் கேட்கவில்லை.